நகர வாழ்க்கையைக் குறும்படத்தில் காட்டுவது: சென்னையை எங்கிருந்து தொடங்குவது?

பேசின்பிரிட்ஜ் (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். அண்மையில் ஒரு கல்லூரியின் குறும்படப் போட்டியில் முதல் சுற்றுப் படங்களைப் பார்த்துத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பு எனக்கு வந்தது. தலைப்பு: "நகரம்". வந்த படங்களில் பெரும்பாலானவை ஒரே மாதிரி தொடங்கின. மெரினாவில் சூரியன் உதிக்கிறது. நேப்பியர் பாலத்துக்கு மேலே ட்ரோன் போகிறது. சென்ட்ரல் கடிகாரக் கோபுரம். ரங்கநாதன் தெருவில் தலைகளாகத் தெரியும் கூட்டம். டைம்லேப்ஸில் அண்ணா சாலை விளக்குகள் கோடு கோடாக ஓடுகின்றன. பின்னணியில் ஒரு கனத்த குரல், இந்த ஊர் தூங்குவதே இல்லை என்கிறது. இதெல்லாம் முடிந்த பிறகுதான் ஒரு மனிதர் திரைக்குள் வருகிறார். அதற்குள் படத்தில் கால்வாசி போய்விடுகிறது.

எடுத்த பிள்ளைகள் நல்ல திறமைசாலிகள். படத்தொகுப்பு சுத்தம், வண்ணம் அருமை. ஆனால் திரையிடல் முடிந்து டீ குடித்துக்கொண்டிருந்தபோது அவர்களில் ஒரு பையன் சொன்னான்: "எங்க தெருவில் ஐப்பசி பிறந்தாலே ஃபிரிட்ஜைச் செங்கல் மேல் ஏற்றி வைத்துவிடுவோம் சார். 2015 வெள்ளத்துக்கு அப்புறம் எல்லா வீட்டிலும் அப்படித்தான்." அவன் எடுத்த படத்தில் அந்த ஃபிரிட்ஜ் இல்லை, நேப்பியர் பாலம் இருந்தது.

என் கருத்து இதுதான். இந்த ஊர் ஒரு மனிதரைத் தினமும் என்ன செய்ய வைக்கிறது என்று பார்த்தால் படம் அங்கே கிடைக்கும். ஃபிரிட்ஜைத் தூக்கி வைப்பது, தண்ணீர் லாரிக்குக் குடத்தை வரிசையில் போட்டுவிட்டு வேலைக்கு ஓடுவது, வாடகைக்கு வீடு கேட்கும்போது நீங்கள் சைவமா என்ற கேள்விக்குப் பதில் சொல்வது. இதில் ஏதாவது ஒன்றை எடுத்துக்கொண்டு கடைசிவரை போனால் போதும், ஊரைத் தனியாகக் காட்ட வேண்டிய தேவையே வராது.

நானும் ஒரு கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். பன்னிரண்டு நிமிடப் படம். சிந்தாதிரிப்பேட்டையில் கூவம் கரையோரம் குடியிருந்து, பிறகு பெரும்பாக்கம் அடுக்குமாடிக் குடியிருப்புக்கு மாற்றப்பட்ட ஒரு பெண். வீட்டுவேலை பார்ப்பது இன்னமும் பழைய பகுதியில்தான். போக மட்டுமே 20 கிலோமீட்டருக்கு மேல். படம் முழுக்கக் காலையில் அவர் பேருந்துக்குக் காத்திருப்பது மட்டும்தான். வேலை செய்யும் வீட்டைக் காட்டப் போவதில்லை. இது நிற்குமா? படம் எடுப்பவர்களும் பார்ப்பவர்களும் மனதில் பட்டதைச் சொல்லுங்கள்.

மொட்டைமாடி

நான் குறும்படங்களுக்கு எடிட்டிங் செய்கிறேன். உங்கள் கருத்தோடு பாதிதான் ஒத்துப்போகிறேன்.

தூரத்திலிருந்து முழு இடத்தையும் காட்டும் வைட் ஷாட் மேலேயே எல்லாப் பழியையும் போடாதீர்கள். திருவண்ணாமலையில் உட்கார்ந்து படம் பார்ப்பவருக்குப் பெரும்பாக்கம் எங்கே இருக்கிறது, எப்படி இருக்கும் என்று தெரியாது. பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்துக்குப் பக்கத்தில், ஒரே உயரத்தில், ஒரே நிறத்தில், வரிசை வரிசையாக அந்தக் கட்டடங்கள் நிற்பதை மேலே இருந்து ஒருமுறை காட்டிப் பாருங்கள். ஊருக்கு நடுவில் இருந்தவர்களை எவ்வளவு தள்ளிக் கொண்டுபோய் வைத்திருக்கிறார்கள் என்பது பத்து நொடியில் புரிந்துவிடும். அதையே வசனத்தில் சொல்ல வைத்தால் ஒரு நிமிடம் போகும், நாடகத்தனமாகவும் இருக்கும்.

நேப்பியர் பாலத்து ஷாட் ஏன் சலிக்கிறது என்றால், அந்தக் கதைக்கும் பாலத்துக்கும் ஒரு தொடர்பும் இல்லை. அந்தப் பிள்ளைகளிடம் ட்ரோனைப் பிடுங்கிக்கொள்ள வேண்டாம், இந்த ஷாட் இங்கே எதற்கு என்று கேட்கச் சொல்லுங்கள்.

இன்னொன்று. பன்னிரண்டு நிமிடமும் காத்திருப்பு என்றால் எடிட்டர் என்ற முறையில் எனக்குக் கொஞ்சம் பயமாகவே இருக்கிறது. அந்தக் காத்திருப்புக்குள் ஏதாவது மாற வேண்டும்.

பழையபிலிம்

இளைஞர்கள் இப்படிப் பேசிக்கொள்வதைப் பார்க்கச் சந்தோஷமாக இருக்கிறது. நான் பல வருடங்களாகத் திரைப்படச் சங்கங்களில் படம் பார்த்து வருபவன். ஊரையே நாயகனாக வைத்த குறும்படங்களில் எனக்கு மிகவும் பிடித்தது நெதர்லாந்து இயக்குநர் யோரிஸ் இவென்ஸ் 1929இல் மன்னுஸ் ஃப்ராங்கெனுடன் சேர்ந்து எடுத்த "மழை". ஆம்ஸ்டர்டாமில் ஒரு மழை வந்து போகிறது, அவ்வளவுதான். முதலில் கால்வாய்த் தண்ணீரில் ஓரிரு புள்ளிகள், பிறகு குடைகள், டிராம் ஜன்னலில் வழியும் நீர், கடைசியில் மறுபடி வெயில். பார்க்க ஒரே மழை மாதிரி இருக்கும். ஆனால் பல மாதங்களில் பெய்த பல மழைகளைச் சேர்த்துத் தைத்திருக்கிறார். எந்நேரமும் சின்னக் கேமராவைப் பக்கத்திலேயே வைத்திருந்தாராம், தூங்கும்போதுகூட. அந்தப் படத்திலும் உயரத்திலிருந்து எடுத்த ஷாட்கள் இருக்கின்றன. ஆனால் எல்லாம் மழையைப் பிடித்துக்கொண்டுதான் வருகின்றன. அதனால் அந்தத் தொகுப்பில் எதுவும் துண்டாகத் தொங்குவதில்லை.

சென்னையில் அப்படி ஊர் முழுக்கத் தொடும் ஒன்று என்ன என்று நான் பல முறை யோசித்ததுண்டு. எனக்குக் கடற்காற்று தோன்றுகிறது. சித்திரை, வைகாசியில் கடற்காற்று முன்பகலிலேயே உள்ளே வந்துவிட்டால் அன்றைக்குப் பிழைத்தோம். தாமதமானால் வெயில் 40 டிகிரியைத் தாண்டிவிடும். அது கரையில் தொடங்கித் தெருத் தெருவாக மேற்கே நகர்கிறது. திருவல்லிக்கேணியில் கொடியில் காயும் துணி முதலில் அசையும், அப்புறம் கோடம்பாக்கம். அம்பத்தூரில் ஒரு பட்டறைத் தொழிலாளிக்கு வந்து சேர வெகுநேரம் ஆகும். யாருக்கு முதலில் காற்று, யாருக்குக் கடைசியில் என்று பார்த்தாலே பாதி ஊர் தெரிந்துவிடும். வசனம் எழுத வேண்டிய அவசியமே இல்லை. யாராவது எடுங்கள், நான் முதல் ஆளாக வந்து பார்ப்பேன்.

பிரெஞ்சு இயக்குநர் ழான் விகோ 1930இல் தங்கள் நாட்டுக் கடற்கரை நகரமான நீஸைப் பற்றி எடுத்த படத்தையும் இளைஞர்கள் தேடிப் பார்க்க வேண்டும். ஒளிப்பதிவாளர் போரிஸ் காஃப்மனைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்துக் கேமராவை மறைத்துக்கொண்டு கடற்கரைச் சாலையில் தள்ளிக்கொண்டு போனார்கள். யாருக்கும் தெரியாமல் எடுத்ததால் அந்த முகங்களில் அப்படி ஓர் உண்மை.

ஒலிப்பெட்டி

எல்லோரும் ஷாட்டைப் பற்றியே பேசுகிறீர்கள். நான் சவுண்ட் ஆள், என் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன்.

மாணவர் படங்களில் ஊர் போலியாகத் தெரிவதற்கு முக்கால்வாசிக் காரணம் சத்தம். படம் சென்னையில் எடுத்திருப்பார்கள், டிராஃபிக் சத்தம் இணையத்தில் இறக்கியதாக இருக்கும். எந்த நாட்டு ஹாரன் என்றே தெரியாது. அதற்கு மேல் ஒரு பியானோ. கண்ணை மூடிக் கேட்டால் எந்த ஊராகவும் இருக்கலாம்.

நம் தெருக்களில் இருக்கும் சத்தம் வேறெங்கும் கிடைக்காது. குட்டி யானை வண்டியில் பதிவுசெய்த குரல், "வெங்காயம் நாலு கிலோ நூறு ரூபா" என்று சொன்னதையே சொல்லிக்கொண்டு போகும். அது தெருமுனையில் திரும்பும்போது குரல் எப்படி மங்கும் என்று கேட்டிருக்கிறீர்களா? மின்சார ரயில் பிளாட்பாரத்தில் நின்றதும் கீழே கம்ப்ரஸர் தடதடவென்று ஓட ஆரம்பிக்கும், சட்டென்று நிற்கும். அந்த ஒரு நொடி அமைதியில்தான் பிளாட்பாரத்தில் இருப்பவர்கள் பேசுவது காதில் விழும். சாயங்காலம் ஏழு மணிக்கு மேல் ஒரு தெருவில் நடந்தால் ஒவ்வொரு வீட்டு டிவியிலிருந்தும் அதே சீரியல் தொடர்ச்சியாகக் கேட்கும். வீடு மாறும், வசனம் அறுபடாது. இதைப் பதிவுசெய்யப் பெரிய கருவியெல்லாம் வேண்டாம். ஒரு கையடக்க ரெக்கார்டரும் காற்றைத் தடுக்கும் பஞ்சு உறையும் போதும்.

சத்யஜித் ராய் 1964இல் எடுத்த "டூ" நினைவுக்கு வருகிறது. ஒரு வார்த்தைகூடப் பேச்சு கிடையாது. பெரிய வீட்டுப் பையன் ஜன்னலில், குடிசைப் பையன் கீழே. அவன் புல்லாங்குழல் ஊதுகிறான், இவன் பொம்மை ஊதுகுழலை எடுத்து அதை அமுக்குகிறான். கடைசியில் எவ்வளவு பொம்மைகள் ஓடினாலும் குழலின் ஓசை ஜன்னல் வழியாக உள்ளே வந்துவிடுகிறது. ஜன்னலுக்கு உள்ளே யார், வெளியே யார் என்பதைக் காது சொல்லிவிடுகிறது.

பேசின்பிரிட்ஜ் அண்ணா, உங்கள் கதைக்கு என் யோசனை: பேருந்து வருவதைக் காட்டாதீர்கள், கேட்க வையுங்கள். தினமும் அங்கே நிற்பவர்களுக்கு வண்டி கண்ணில் படுவதற்கு முன்பே காதில் விழுந்துவிடும். இஞ்சின் சத்தத்திலேயே எந்த வண்டி என்று சொல்லிவிடுவார்கள். அவர் தலையைத் திருப்பாமலே பையைத் தோளில் மாட்டினால் போதும், எத்தனை வருடமாக அங்கே நிற்கிறார் என்று புரிந்துவிடும்.

ஏழாம்மாடி

தற்செயலாக இந்த இழையைப் பார்த்தேன். நான் பெரும்பாக்கத்தில்தான் இருக்கிறேன். படம் எடுப்பவள் இல்லை, படம் எடுக்க வருகிறவர்களை நிறையப் பார்த்தவள்.

வருகிறவர்கள் எல்லோரும் ஒரே இடத்துக்குத்தான் போவார்கள். நின்றுபோன லிஃப்ட், தேங்கிய சாக்கடை, குப்பைமேடு, அதற்குப் பக்கத்தில் ஒரு குழந்தை. குழந்தையை அங்கே போய் நிற்கச் சொல்வதையும் பார்த்திருக்கிறேன். அந்தக் குறைகள் பொய் இல்லை. லிஃப்ட் நின்றால் ஏழு மாடி ஏறுகிறவள் நான். ஆனால் எங்கள் வீட்டுக்குள் வந்து, இவ்வளவு சின்ன இடத்தில் தையல் மிஷினை எங்கே போட்டிருக்கிறீர்கள் என்று யாரும் கேட்டதில்லை. ஞாயிற்றுக்கிழமை மீன் வாங்க எல்லா பிளாக்கிலிருந்தும் இறங்கி வரும் கூட்டத்தை யாரும் எடுத்ததில்லை. பழைய இடத்தில் ஒரே தெருவில் இருந்தவர்கள் இங்கே வேறு வேறு பிளாக்கில் சிதறிக் கிடக்கிறோம். அன்றைக்குத்தான் ஒருவரை ஒருவர் பார்ப்போம். மீன் வாங்க அரை மணி, பேச ஒரு மணி.

பழையபிலிம் ஐயா மறைத்து எடுத்ததைப் பெருமையாகச் சொன்னார்கள். பெரியவர்களிடம் மரியாதையோடு கேட்கிறேன். எங்களை மறைத்து எடுத்தால் அதில் என்ன உண்மை கிடைக்கும்? வேலைக்குப் போகிற அவசரத்தில் தலைகூட வாராமல் நிற்கும்போது எடுத்துப் போடுகிறார்கள். நான் வேலை செய்யும் வீட்டில் அதைப் பார்த்து, உங்கள் ஏரியாவா அது என்று கேட்டார்கள். எங்கள் பக்கத்து வீட்டுப் பெண் கல்லூரியில் தன் முகவரியைச் சொல்வதற்கே தயங்குகிறாள்.

தம்பி, நீங்கள் எழுதும் கதையில் ஒரு விஷயம் தெரிந்துகொள்ளுங்கள். 2021 மே மாதத்திலிருந்து சாதாரணப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. அந்த வண்டிக்கு முன்னாலும் பின்னாலும் பிங்க் அடித்திருக்கும். அதனால் நாங்கள் வந்த பேருந்தில் எல்லாம் ஏற மாட்டோம். டீலக்ஸ் வரும், விடுவோம். ஏசி வரும், விடுவோம். நேரம் ஆகிவிட்டால் மனசு அடித்துக்கொள்ளும், இன்றைக்குக் காசு கொடுத்து ஏறிவிடலாமா, ஏறினால் சாயங்காலம் காய் வாங்கக் காசு குறையுமே என்று. அந்தக் கணக்கை அங்கே நிற்கும் எல்லாப் பெண்களும் போட்டுக்கொண்டிருப்பார்கள். யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள்.

மொட்டைமாடி

அக்கா, எனக்கு இருந்த பயம் போய்விட்டது. "காத்திருப்புக்குள் ஏதாவது மாற வேண்டும்" என்று நான் கேட்டதற்கு இதுதான் பதில். ஒவ்வொரு வண்டியும் ஒரு முடிவு. முதல் டீலக்ஸை விடுவது சுலபம், மூன்றாவதை விடுவது கஷ்டம். பன்னிரண்டு நிமிடம் தாராளமாக நிற்கும்.

பழையபிலிம்

ஏழாம்மாடி அம்மாவின் கேள்வி நியாயமானது. விகோவின் கேமரா அதிகமும் யார் மேல் இருந்தது என்று பாருங்கள். நீஸுக்கு ஓய்வெடுக்க வந்து வெயில் காய்ந்துகொண்டிருந்த வசதிக்காரர்கள். அவர்களுடைய சொகுசைக் கிண்டல் செய்வதற்காகவே ஒளிந்து எடுத்தார். பழைய நகரத்துச் சந்துகளில் இருந்த ஏழைகளைக் காட்டும்போது அந்தக் கிண்டல் இருக்காது. யாரை நோக்கிக் கேமரா ஒளிந்துகொள்கிறது என்பது முக்கியம். கேட்காமல் எடுத்து ஊருக்கெல்லாம் காட்டும் வசதி இன்று ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் இருக்கிறது. அதனால் 1930இல் சரியாக இருந்தது இன்று சரியாக இருக்காது, அதுவும் உழைத்துக் களைத்து நிற்பவர்களிடம்.

சூரியகாந்தி25

கேமரா பக்கத்தில் இருந்து சில நடைமுறை விஷயங்கள், அவசரமாக எழுதுகிறேன்.

விடியற்காலையில் எடுக்கப்போகிறீர்கள் என்றால் தெருவிளக்கு வெளிச்சம் பாதி இருக்கும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். செல்போன் வழக்கமாக நொடிக்கு 30 ஃபிரேமில் எடுக்கும், அப்போது சில எல்இடி விளக்குகளுக்குக் கீழே திரையில் கறுப்புப் பட்டை ஓடும். நொடிக்கு 25 ஃபிரேம் வைத்து ஷட்டரை 1/50 நொடியில் பூட்டிவிடுங்கள். பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

வண்ணம் சரிசெய்யும்போது இரவை ஆரஞ்சாக மாற்றும் பழக்கத்தையும் விட்டுவிடலாம். சோடியம் விளக்குகள் போய்ப் பெரும்பாலான இடங்களில் வெள்ளை எல்இடி வந்துவிட்டது. இன்றைய சென்னை இரவு நீலம் கலந்த வெள்ளை, கொஞ்சம் இரக்கமில்லாத வெளிச்சம். அந்த வெளிச்சத்தில் நிற்கும் முகம் எப்படி இருக்குமோ அப்படியே எடுங்கள்.

ட்ரோன் பற்றி: 2021 விதிகளின்படி வான்வெளியைப் பச்சை, மஞ்சள், சிவப்பு என்று பிரித்திருக்கிறார்கள். அரசின் டிஜிட்டல் ஸ்கை இணையதள வரைபடத்தில் உங்கள் இடம் எந்த நிறத்தில் இருக்கிறது என்று பார்க்காமல் பறக்கவிடாதீர்கள். ரயில் நிலையத்தில் எடுப்பதாக இருந்தால் தெற்கு ரயில்வே அனுமதி வேண்டும், கட்டணமும் உண்டு. "செல்போன்தானே" என்று போய் மாட்டிக்கொண்ட குழுக்கள் உண்டு. பேருந்து நிறுத்தத்தில் எடுத்தாலும் போக்குவரத்துக் காவலர்களிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

நிறுத்தத்துக்கு எதிரே மெட்ரோ வேலைக்கு வைத்திருக்கும் தடுப்புத் தகடு இருந்தால் அதை ஒதுக்காமல் ஃபிரேமுக்குள் கொண்டு வாருங்கள். ஓஎம்ஆர் (பழைய மகாபலிபுரம் சாலை), மேடவாக்கம் பக்கமெல்லாம் சாலையை அதுதான் சுருக்கியிருக்கிறது, பேருந்து தாமதமாக அதுவும் ஒரு காரணம். நிழற்குடை இல்லாத இடத்தில் அதன் நிழலில்தான் ஆட்கள் நிற்கிறார்கள்.

நூல்மில்

நகரம் என்றாலே சென்னைதானா? திருப்பூர்க்காரன் கேட்கிறேன். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் எங்கள் ஊர்க் கடைவீதிக்கு வாருங்கள். பனியன் கம்பெனிகளில் வேலை பார்க்கும் ஒடிசா, பீகார்ப் பையன்கள் வாரத்தில் அன்றைக்குத்தான் வெளிச்சத்தில் தெரிவார்கள். செல்போன் கடை அண்ணாச்சி இந்தி பேசுவார், அந்தப் பையன்கள் தமிழில் பேரம் பேசுவார்கள். இரண்டு பக்கமும் அடுத்தவர் மொழியில். இதைக் குறும்படமாக எடுக்க யாராவது வந்தால் தங்க இடமும் சாப்பாடும் என் பொறுப்பு.

பேசின்பிரிட்ஜ்

எல்லோருக்கும் நன்றி. நூல்மில் நண்பரே, அந்தக் கடைவீதியைப் பற்றித் தனி இழை தொடங்குங்கள், இங்கே மூழ்கிப் போகக் கூடாது.

ஏழாம்மாடி அக்கா, நீங்கள் சொன்ன பிறகு கதையை இப்படி மாற்றி எழுதியிருக்கிறேன். மூன்று பேருந்துகள் வந்து போகின்றன. வாய்விட்டுப் பேசும் வசனங்கள் நிறுத்தத்தில் நிற்கும் மற்றப் பெண்களுக்குத்தான், அதுவும் வேறு பேச்சு: சீட்டுப் பணம், பிள்ளை தேர்வு, யார் வீட்டில் விசேஷம். அவருடைய கணக்கைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கையில் இருக்கும் சின்னப் பர்ஸைத் திறக்கிறார், மூடுகிறார். வேலை செய்யும் வீட்டிலிருந்து ஒரு போன் வருகிறது, எடுக்காமல் பைக்குள் போடுகிறார்.

நிறுத்தத்தில் நிற்கும் யாரையும் கேட்காமல் எடுக்கப் போவதில்லை. நடிப்பவர்கள் போக மற்றவர்களிடம் முந்தைய வாரமே பேசி, விருப்பமில்லாதவர் வரும் நேரத்தைத் தவிர்த்துவிடுவோம். முடித்ததும் முதல் திரையிடல் உங்கள் பிளாக் மாடியில். உங்களுக்குப் பிடிக்காத முகம், பிடிக்காத ஷாட் இருந்தால் வெளியே அனுப்புவதற்கு முன் எடுத்துவிடுகிறேன்.

இரண்டு சந்தேகம். கட்டணமில்லாத பேருந்தில் கன்டக்டர் சீட்டு கொடுப்பாரா? காலையில் சாப்பாடு எப்படி? அவர் நிறுத்தத்தில் நின்று டப்பாவைத் திறந்து சாப்பிடுவதாக எழுதியிருக்கிறேன்.

ஏழாம்மாடி

சீட்டு உண்டு தம்பி. காசு வாங்க மாட்டார், ஆனால் சீட்டைக் கிழித்துக் கையில் கொடுப்பார். சில பேர் அதை வளையலுக்குள் செருகிக்கொள்வார்கள்.

நிறுத்தத்தில் யாரும் சாப்பிட மாட்டோம், அதை எடுத்துவிடுங்கள். வீட்டில் ஒரு டீ, முதல் வீட்டு வேலை முடிந்த பிறகுதான் சாப்பாடு. அவர் கையில் சோற்று டப்பா இருக்கட்டும், திறக்க வேண்டாம். அப்புறம் அந்தப் போன் விஷயம். எடுக்காமல் விட மாட்டோம், வேலை போய்விடும். எடுத்து, "பஸ் ஏறிட்டேம்மா, வந்துட்டே இருக்கேன்" என்று சொல்வோம். நின்றுகொண்டே சொல்வோம். பக்கத்தில் இருப்பவள் அந்த நேரத்தில் பேச்சை நிறுத்திக்கொள்வாள், நிறுத்தத்துச் சத்தம் போனில் கேட்கக் கூடாது என்று.

ஒலிப்பெட்டி

அண்ணா, அந்தப் போன் காட்சியை டப்பிங்கில் செய்யாதீர்கள், அங்கேயே பதிவு செய்வோம். மற்றவர்கள் பேச்சை நிறுத்தும் அந்தக் கணம் ஸ்டுடியோவில் கிடைக்காது. காலர் மைக் இரண்டு என்னிடம் இருக்கிறது, நானே வருகிறேன். ஒளிப்பதிவுக்கு முன்னால் ஒரு காலையில் போய் அந்த நிறுத்தத்தின் சத்தத்தை மட்டும் எடுத்து வைத்துக்கொள்ளலாம். ஏழாம்மாடி அக்கா, எந்த நேரத்தில் அங்கே கூட்டம் அதிகம்?

ஏழாம்மாடி

ஐந்தே முக்காலிலிருந்து ஏழு வரை. திங்கட்கிழமை வேண்டாம், அன்றைக்கு எல்லோருக்கும் அவசரம், உங்களோடு நின்று பேச முடியாது. புதன் அல்லது வியாழன் வாருங்கள். நான் முதல் வண்டியை விட்டுவிட்டு உங்களோடு நிற்கிறேன்.